காலை நாளிதழ் இரவில் உருவாகும் விதம்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

தமிழ் நாளிதழ் ஒன்றின் மாவட்டப் பதிப்பில், செய்திப் பிரிவில் பல ஆண்டுகள் இரவுப் பணி பார்த்தவன் நான். கல்யாண வீட்டுப் பந்தியிலும் டீக்கடை பெஞ்சிலும் என்னிடம் திரும்பத் திரும்பக் கேட்கப்பட்ட கேள்விகளுக்கு இங்கே சற்று விரிவாகப் பதில் எழுதியிருக்கிறேன். பதில்கள் தமிழ்நாட்டுக் காலை நாளிதழ்களை மனத்தில் வைத்து எழுதப்பட்டவை. நேரக் கணக்கும் பிரிவுகளின் பெயர்களும் நிறுவனத்துக்கு நிறுவனம் சற்று மாறுபடும்.

ஒரு நாளிதழின் வேலை எத்தனை மணிக்குத் தொடங்குகிறது?

இந்தக் கேள்விக்கு வாசகர் வீட்டு வாசலிலிருந்து பின்னோக்கி வந்தால்தான் பதில் கிடைக்கும். காலை ஆறு மணிக்குள் வீட்டில் தாள் விழ வேண்டுமென்றால், முகவரிடம் நாலு, நாலரை மணிக்குக் கட்டு இறங்கியிருக்க வேண்டும். மதுரையில் அச்சாகும் தாள் ஏறத்தாழ 170 கிலோமீட்டர் தொலைவிலுள்ள ராமேசுவரத்துக்குப் போய்ச் சேர வேண்டுமானால், வழியில் மானாமதுரை, பரமக்குடி, ராமநாதபுரம் என்று நின்று நின்று கட்டுகளை இறக்கிச் செல்லும் வண்டி நள்ளிரவு தாண்டியதும் புறப்பட்டாக வேண்டும். அப்படியானால் அச்சு இயந்திரம் அதற்கு முன்பே ஓடத் தொடங்கியிருக்க வேண்டும். அதற்கு அரை மணி நேரம் முன்பு கடைசி பிளேட், அதாவது பக்கம் பதித்த அச்சுத் தகடு, தயாராகியிருக்க வேண்டும். அதற்கும் முன்பு கடைசிப் பக்கம் செய்திப் பிரிவின் கையை விட்டுப் போயிருக்க வேண்டும். இந்தக் கடைசி நேரத்தைத்தான் அலுவலகத்தில் டெட்லைன் என்பார்கள்.

ஆள் வருகை என்று பார்த்தால், விளம்பரப் பிரிவும் இணைப்பிதழ்களைத் தயாரிப்பவர்களும் காலையிலேயே வந்துவிடுவார்கள். நிருபர்கள் பகலெல்லாம் வெளியில் இருப்பார்கள். செய்திகளைத் திருத்தித் தலைப்பிடும் உதவி ஆசிரியர்கள் மதியம் மூன்று மணிக்கு மேல் ஒவ்வொருவராக வருவார்கள். ஆசிரியர் குழு மாலையில் கூடி, கையிலிருக்கும் செய்திகளில் எது முதல் பக்கத்துக்கு, எது மாவட்டப் பக்கத்துக்கு என்று பேசி வைக்கும். அந்தப் பேச்சு இரவு பத்து மணிக்குள் பாதியாவது மாறிவிடும் என்பது அதில் உட்கார்ந்திருக்கும் அனைவருக்கும் தெரியும்.

நகரத்தில் இருக்கும் உறவினர் வீட்டுத் தாளில் கிரிக்கெட் முடிவு வந்திருக்கிறது. எங்கள் ஊர்த் தாளில் வரவில்லையே, ஏன்?

இரண்டும் ஒரே பெயரில் வந்தாலும் ஒரே தாள் அல்ல. தொலைவான ஊர்களுக்குப் போகும் பதிப்பு முதலில் அச்சாகும். அச்சகம் இருக்கும் நகரத்துக்கான பதிப்பு கடைசியில் அச்சாகும். இரவு ஏழரை மணிக்குத் தொடங்கும் இருபது ஓவர் ஆட்டம் முடிய பதினொன்றரை மணி ஆகிவிடும். அதற்குள் முதல் பதிப்பின் விளையாட்டுப் பக்கம் அச்சுக்குப் போயிருக்கும். ஆகவே முதலில் ஆடிய அணியின் ஸ்கோரோடு தொலைவூர்ப் பதிப்பு நின்றுவிடும். இரண்டு மணி நேரம் கழித்து அதே பக்கத்தைத் திறந்து, முடிவையும் படத்தையும் மாற்றி, நகரப் பதிப்புக்குப் புது பிளேட் எடுப்பார்கள்.

அந்தக் காலத்தில் இந்தத் தொலைவுக் கணக்கு இன்னும் கொடுமையாக இருந்தது. சென்னையில் அச்சான தாளுக்குத் தென்மாவட்ட வாசகர் ரயிலை எதிர்பார்த்துக் காத்திருக்க வேண்டும். 1942-இல் சி.பா. ஆதித்தனார் மதுரையில் தொடங்கிய தினத்தந்தி பின்னர் ஊர் ஊராகப் பதிப்புகளை விரித்ததற்கும், 1951-இல் திருவனந்தபுரத்தில் தொடங்கப்பட்ட தினமலர் 1957-இல் திருநெல்வேலிக்கு இடம் மாறியதற்கும் எத்தனையோ காரணங்கள் சொல்லப்படலாம். வாசகருக்குப் பக்கத்தில் அச்சகம் இருப்பதால் கிடைக்கும் இரண்டு மூன்று மணி நேரத்தின் மதிப்பை அவற்றில் முதலாவதாக நான் வைப்பேன்.

நள்ளிரவில் பெரிய செய்தி வந்தால் என்ன செய்வீர்கள்?

தமிழ்நாட்டு முதலமைச்சர்களாக இருந்த மூவரின் மறைவு நேரங்களை வைத்து இதைச் சொல்கிறேன். எம்.ஜி.ஆர். 1987 டிசம்பர் 24 அதிகாலை மூன்றரை மணியளவில் காலமானார். காலைத் தாள்கள் அச்சாகி வண்டியேறிவிட்ட நேரம் அது. அத்தகைய வேளையில் சிறப்புப் பதிப்பு போட்டால்தான் உண்டு. இல்லையென்றால் அந்தச் செய்தி மாலைத் தாள்களுக்கு உரியது.

ஜெயலலிதா 2016 டிசம்பர் 5 இரவு 11.30 மணிக்குக் காலமானார். மருத்துவமனையின் அறிக்கை நள்ளிரவு தாண்டித்தான் வெளிவந்தது. ஆனால் அன்று மாலையே சில தொலைக்காட்சிகள் மறைவுச் செய்தியை ஒளிபரப்பிவிட்டன. கட்சித் தலைமை அலுவலகத்தில் அரைக்கம்பத்துக்கு இறக்கப்பட்ட கொடி, மருத்துவமனை மறுத்ததும் மீண்டும் ஏற்றப்பட்டது. அத்தகைய இரவில் செய்திப் பிரிவில் இரண்டு முதல் பக்கங்கள் தயாராக இருக்கும். ஒன்றில் ‘தொடர்ந்து சிகிச்சை’ என்ற தலைப்பு இருக்கும். மற்றொன்றை யாரும் உரக்கப் பேசுவதில்லை. தலைவர்கள் நோயுற்றிருக்கும்போது வாழ்க்கை வரலாற்றுக் குறிப்புகளையும் பழைய படங்களையும் எடுத்து வைப்பது மனத்துக்குச் சங்கடமான வேலைதான். எடுத்து வைக்காத அலுவலகம் மறுநாள் நாலு பத்திச் செய்தியோடு வெளிவர வேண்டியிருக்கும். தாமதத்தை வாசகர் மன்னிப்பார், உயிரோடிருப்பவரைச் சாகடித்த தலைப்பை மன்னிக்கமாட்டார் என்பதால், அதிகாரபூர்வ அறிக்கை கைக்கு வரும்வரை இயந்திரத்தை நிறுத்தி வைப்பதே சரி என்பது என் கருத்து. வண்டி ஒரு மணி நேரம் தாமதமாகப் போகட்டும்.

கருணாநிதி 2018 ஆகஸ்ட் 7 மாலை 6.10 மணிக்குக் காலமானார். இறப்புச் செய்திக்கு நேரம் தாராளமாகவே இருந்தது. ஆனால் மெரினாவில் இடம் கேட்டுத் தொடரப்பட்ட வழக்கு அன்றிரவு விசாரிக்கப்பட்டு, தீர்ப்பு மறுநாள் காலையில்தான் வந்தது. ஆகவே எந்தக் காலைத் தாளும் அடக்கம் எங்கே என்று உறுதியாகச் சொல்ல முடியவில்லை.

செய்திகள் உங்களுக்கு எப்படி வந்து சேருகின்றன?

மாவட்டத் தலைநகர்களில் சம்பளம் வாங்கும் நிருபர்கள் இருப்பார்கள். அதற்குக் கீழே தாலுகா, பேரூராட்சி அளவில் பகுதி நேர நிருபர்கள் இருப்பார்கள். அவர்களுக்குக் கிடைப்பது சொற்பத் தொகைதான். பல சிற்றூர்களில் தாளை விற்கும் முகவரே செய்தியும் அனுப்புவார், விளம்பரமும் பிடித்துத் தருவார். அந்த ஊரில் யாருக்கு எப்போது நெஞ்சு வலித்தது என்பதுவரை தெரிந்த மனிதராக அவர் இருப்பார் என்பது வசதி. விளம்பரம் கொடுத்த கடைக்காரரைப் பற்றிய புகார்ச் செய்தி அவர் கையிலிருந்து ஒருநாளும் வராது என்பது அதற்குக் கொடுக்கும் விலை. இந்தக் கோளாறு பற்றித் தமிழ்ப் பத்திரிகைத் துறை பொதுவெளியில் அதிகம் பேசிக்கொண்டதில்லை.

தேசிய, உலகச் செய்திகளுக்குச் செய்தி ஏஜென்சிகளை நம்பியிருக்கிறோம். அவற்றுள் பழையது 1947-இல் பதிவு செய்யப்பட்டு 1949-இல் பணியைத் தொடங்கிய பி.டி.ஐ. (பிரஸ் டிரஸ்ட் ஆஃப் இந்தியா). செய்திகள் பெரும்பாலும் ஆங்கிலத்தில் வரும். மேசையில் உட்கார்ந்திருக்கும் உதவி ஆசிரியர்தான் மொழிபெயர்ப்பாளர். இங்கே வழுக்கி விழச் செய்வது இலக்கியச் சொற்கள் அல்ல, எண்கள். ஒரு மில்லியன் பத்து லட்சம், ஒரு பில்லியன் நூறு கோடி என்று மேசைக் கண்ணாடிக்கு அடியில் எழுதி வைத்திருந்தாலும், இரவு பதினோரு மணிக்கு ஒரு சைபர் நழுவி, 250 கோடி டாலர் உதவி 25 கோடியாகிவிடும். அடுத்தது பெயர்கள். வெளிநாட்டுத் தலைவர் ஒருவரின் பெயர் ஒரே தாளில் மூன்று பக்கங்களில் மூன்று விதமாக வராமல் பார்த்துக்கொள்ளவே ஒவ்வோர் அலுவலகத்திலும் ஒரு பட்டியல் வைத்திருப்பார்கள்.

தலைப்பை எழுதுவது நிருபரா?

பெரும்பாலும் இல்லை. நிருபர் ஒரு தலைப்பைப் பரிந்துரைத்து அனுப்புவார். அச்சில் வருவது உதவி ஆசிரியர் எழுதியது. ‘இந்தத் தலைப்பை ஏன் போட்டாய்’ என்று ஊரில் உதை வாங்குபவர் மட்டும் நிருபர்.

தலைப்பு பொருளுக்கு எவ்வளவு கட்டுப்பட்டதோ, அகலத்துக்கும் அவ்வளவு கட்டுப்பட்டது. பக்கத்தில் அச்சேறும் பரப்பு ஏறத்தாழ 33 செ.மீ. அகலமும் 52 செ.மீ. உயரமும் கொண்டது, அதை எட்டாகப் பிரித்தால் ஒரு பத்திக்கு நாலு செ.மீ. அகலம்கூட முழுதாகக் கிடைப்பதில்லை. ‘ணொ’ என்ற ஓர் எழுத்து பிடிக்கும் இடத்தில் ‘ரி’ போன்ற எழுத்து இரண்டு மூன்று உட்கார்ந்துவிடும். எனவே எழுத்து எண்ணிக்கையை மட்டும் வைத்துத் தலைப்பு எழுத முடியாது, கண்ணளவு வேண்டும். கைது, பலி, மோதல், மனு, கெடு போன்ற இரண்டெழுத்து, மூன்றெழுத்துச் சொற்கள் தமிழ்த் தாள்களில் மண்டிக் கிடப்பதற்கு இந்த அகலமே காரணம்.

செய்தியின் உடலில் வேறொரு சிக்கல் இருக்கிறது. தமிழில் சொற்கள் நீளமானவை. ‘தெரிவிக்கப்பட்டுள்ளதாகக்’ என்ற ஒரு சொல்லே ஒரு வரியை விழுங்கிவிடும். ஆகவே சொல்லை உடைத்துத்தான் ஆக வேண்டும்; ஆங்கிலத்தைப்போல இணைப்புக் கோடு போடும் வழக்கமும் நம்மிடம் பரவலாக இல்லை. புள்ளி வைத்த எழுத்து வரியின் தொடக்கத்தில் வரக்கூடாது என்பது பழைய அச்சுக்கோப்பவர்கள் கடைப்பிடித்த விதி. கணினி வந்த புதிதில் மென்பொருளுக்கு இந்த விதி தெரியவில்லை. ‘செய்தா’ என்று ஒரு வரி முடிந்து, அடுத்த வரியில் ‘ர்’ மட்டும் தனியாக நிற்கும். பக்க வடிவமைப்பாளர் பக்கத்தில் நின்றுகொண்டு ‘அந்த ஒற்றை மேலே ஏற்றுங்கள்’ என்று சொல்லிச் சொல்லியே பல இரவுகள் போயிருக்கின்றன.

கணினிக்கு முன்பு இதையெல்லாம் எப்படிச் செய்தார்கள்?

ஈய எழுத்துகளைக் கையால் பொறுக்கி அடுக்கினார்கள். அறை அறையாகப் பிரித்த மரப்பெட்டிக்கு முன்னால் நின்றபடி, எழுத்தைப் பார்க்காமலேயே விரல் நினைவால் எடுத்து, கண்ணாடிப் பிம்பமாக அடுக்கிச் செல்வார் அச்சுக்கோப்பவர். தலைகீழாகப் படிப்பது அவருக்கு நேராகப் படிப்பதைவிட எளிது. பெரியாரின் எழுத்துச் சீர்திருத்தத்தைத் தமிழக அரசு 1978-இல் ஏற்றுக்கொண்டபோது பொதுமக்கள் அதைப் புதிய எழுத்துவடிவமாகப் பார்த்தார்கள். அச்சகத்துக்கோ அது பெட்டியில் சில அறைகள் மிச்சமான நிகழ்ச்சி. பழைய வடிவ ‘றா’, ‘னா’, தும்பிக்கைபோல் வளைந்த கொம்பு வைத்த ‘லை’, ‘ணை’ ஆகியவற்றுக்குத் தனித்தனியாக ஈய எழுத்து வார்த்து வைக்க வேண்டிய தேவை போய்விட்டது.

கணினி வந்ததும் எல்லாம் சுலபமாகிவிடவில்லை. ஒவ்வொரு நிறுவனமும் தனக்கென்று ஓர் எழுத்துருவைச் செய்துகொண்டது. ஒன்றில் ‘அ’ இருக்கும் இடத்தில் மற்றொன்றில் ‘ஙு’ இருக்கும். வெளியிலிருந்து வரும் கட்டுரையைத் திறந்தால் ஆங்கில எழுத்தும் குறியீடுமாக எறும்பு ஊர்ந்ததுபோல் தெரியும். 1999-இல் சென்னையில் நடந்த தமிழிணைய மாநாட்டுக்குப் பிறகு தமிழ்99 விசைப்பலகையும், கணினி எழுத்தைச் சேமிக்கும் முறைகளான பொதுவான குறியேற்றங்களும் வந்தன. பின்னர் யூனிகோட் நிலைத்தது. ஆனால் தொண்ணூறுகளில் பழைய எழுத்துருவில் சேமிக்கப்பட்ட செய்திக் கோப்புகளில் இன்று ஒரு சொல்லைத் தேடுவது, 1934-இல் தொடங்கிய தினமணியின் தொடக்ககால நூலகக் கட்டுகளில் தேடுவதைவிடச் சிரமம். காகிதத்தையாவது கண்ணால் படிக்கலாம்.

விளம்பரத்துக்குப் போக மிச்ச இடம்தான் செய்திக்கா?

ஆம், வேலையின் வரிசை அப்படித்தான். விளம்பரப் பிரிவு தனக்கு வந்தவற்றைப் பக்கங்களில் பொருத்தி ஒரு வரைபடம் அனுப்பும். அதற்கு டம்மி என்று பெயர். அதில் வெள்ளையாக விட்டிருக்கும் பகுதிதான் எங்களுக்கு. விளம்பரக் கட்டணம் சதுர செ.மீ. கணக்கில் வசூலிக்கப்படும் என்பதால், இரவு ஒன்பது மணிக்கு வந்து சேரும் கால் பக்க விளம்பரத்துக்கு முன்னால் எந்தச் செய்தியும் வாதாடி வெல்ல முடியாது. காகிதத்தின் ஒரு விரிப்புக்கு, இரு புறமும் சேர்த்து, நாலு பக்கம் என்பதால், பக்கங்களை ஒன்றிரண்டாகக் கூட்டவும் முடிவதில்லை. கூட்டினால் நாலு, குறைத்தால் நாலு என்பதே வழக்கம். தீபாவளிக்கு முந்திய வாரத்தில் ஜவுளிக்கடை, நகைக்கடை விளம்பரங்கள் முதல் பக்கத்தையே போர்த்தியிருக்கும். அதற்கு ஜாக்கெட் என்று பெயர்.

எல்லா விளம்பரத்திலும் அதிகக் கவனம் கேட்பது கண்ணீர் அஞ்சலி. அலைபேசியில் எடுத்த படமும், தாளில் எழுதிய பெயர் வரிசையும் இரவு எட்டு மணிக்கு மேல் வரும். விளம்பரப் பிரிவில் இருப்பவர் அந்தக் குடும்பத்தாரை அழைத்து, மகன்கள், மருமகள்கள், மகள்கள், மருமகன்கள், பேரன் பேத்திகள் என்று ஒவ்வொரு பெயரையும் இன்ஷியலோடு வாசித்துக் காட்டுவார். துக்க வீட்டில் ஒலிபெருக்கியும் அழுகையும் கேட்டுக்கொண்டிருக்கும். மறுமுனையில் இருப்பவர் ‘சின்ன மருமகன் பெயர் விட்டுப்போச்சே’ என்பார். அந்தப் பெயர் விடுபட்டு அச்சாகியிருந்தால், பதினாறாம் நாள் காரியத்தில் அது சண்டையாக வெடித்திருக்கும். அரசியல் செய்தியில் ஏற்படும் பிழைக்கு மறுப்பு வெளியிட்டுவிடலாம். இதற்கு மறுப்பே கிடையாது.

இத்தனை பேர் பார்த்தும் பிழை எப்படி வருகிறது?

ஒருமுறை எங்கள் பதிப்பில், புதன்கிழமைத் தாளின் உள்பக்கம் ஒன்றில் மேலே ‘செவ்வாய்க்கிழமை’ என்றே நின்றுவிட்டது. முந்தைய நாள் பக்கத்தைத் திறந்து, செய்திகளை அழித்துவிட்டுப் புதியவற்றை ஓட்டுவதே வேகமான வழி. அப்படிச் செய்யும்போது தேதி மாறியது, கிழமை மாறவில்லை. பக்கத்தை நான்தான் பார்த்து ஒப்புதல் கையெழுத்துப் போட்டேன். தலைப்பு, படவிளக்கம், தொகை, பெயர் எல்லாவற்றையும் படித்தேன். கிழமையை யார் படிப்பார்கள்? சில ஆயிரம் பிரதிகள் ஓடிய பிறகு, கட்டுக் கட்டும் தொழிலாளி ஒருவர் வந்து ‘அண்ணே, இன்னைக்கு என்ன கிழமை’ என்று கேட்டார். இயந்திரத்தை நிறுத்தி, பிளேட் மாற்றி, மறுபடி ஓட்டினோம். முதலில் ஓடிய கட்டுகள் அதற்குள் வண்டியில் ஏறியிருந்தன.

மெய்ப்புத் திருத்துநர் என்ற பதவியே பல அலுவலகங்களில் ஒழிந்துவிட்டது அல்லது ஓரிருவராகச் சுருங்கிவிட்டது. எழுதுபவரே திருத்த வேண்டும் என்ற ஏற்பாட்டில், தன் பிழை தன் கண்ணுக்குத் தெரியாது என்ற பழைய உண்மை மறக்கப்பட்டது. ராசிபலன் மாறிப்போனாலும், பஞ்சாங்கத்தில் ராகு காலம் தவறினாலும் காலை ஏழு மணிக்கே தொலைபேசி அடிக்கத் தொடங்கும். தலையங்கத்தில் தவறு நேர்ந்தால் அவ்வளவு அழைப்புகள் வருவதில்லை.

இவற்றைவிட நான் பயந்த பிழை வேறு. பாலியல் குற்றத்தால் பாதிக்கப்பட்டவரின் அடையாளத்தை வெளியிடச் சட்டம் தடை விதிக்கிறது. குழந்தையென்றால் போக்சோ சட்டமும் சேர்ந்துகொள்ளும். பெயரை எடுத்துவிட்டால் போதும் என்று நினைத்து, தெருப் பெயரையும் பள்ளியையும் தந்தையின் தொழிலையும் அப்படியே விட்டு அனுப்பும் நிருபர்கள் உண்டு. ஐந்நூறு வீடுகள் உள்ள ஊரில் அது பெயரைப் போடுவதற்குச் சமம். உதவி ஆசிரியர் தன் வாழ்நாளில் செய்யும் நல்ல காரியங்களில் பாதி, அச்சில் வராமல் அவர் வெட்டியவற்றில் இருக்கிறது.

அச்சுக்கூடத்தில் என்ன நடக்கிறது?

முடிந்த பக்கம் நான்கு நிறங்களாகப் பிரிக்கப்பட்டு, ஒவ்வொரு நிறத்துக்கும் ஒரு மெல்லிய அலுமினிய பிளேட்டில் லேசர் ஒளியால் பதிக்கப்படும். பன்னிரண்டு பக்கமும் வண்ணமென்றால் 48 பிளேட்டுகள். எண்ணெயும் நீரும் ஒட்டாது என்பதுதான் ஆஃப்செட் முறையின் மொத்த இரகசியமும்: பிளேட்டில் எழுத்தும் படமும் உள்ள இடம் எண்ணெய்த் தன்மையுள்ள மையை ஏற்கும், வெற்றிடம் நீரை ஏற்று மையைத் தள்ளும். பிளேட்டிலிருந்து மை ரப்பர் போர்த்திய உருளைக்கு மாறி, அதிலிருந்து காகிதத்தில் பதியும்.

இயந்திரம் மெதுவாகச் சுற்றத் தொடங்கும்போது முதலில் வருபவை வேஸ்ட்தான். நிறங்கள் ஒன்றன்மேல் ஒன்று உட்காராமல், அமைச்சருக்கு இரண்டு மூக்கு தெரியும். மெஷின்மேன் ஓடும் வரிசையிலிருந்து ஒரு தாளை உருவி, சாய்வு மேசையில் விரித்து, ஓரத்திலுள்ள சிறு குறிகளை உருப்பெருக்கியால் பார்ப்பார். பிறகு ஒரு திருகை இம்மியளவு திருப்புவார். மறுபடி ஒரு தாளை உருவுவார். நீர் கூடினால் எழுத்து வெளிறும், குறைந்தால் பக்கம் முழுவதும் அழுக்கேறும். நாலைந்து முறை இப்படிப் பார்த்துத் தலையசைத்த பிறகே வேகம் ஏற்றப்படும். தரையின் அதிர்வு செருப்பு வழியாகக் காலுக்கு ஏறும். மாடியில் தேநீர்க் குவளை மேசையில் மெல்ல நகரத் தொடங்கினால், கீழே இயந்திரம் ஓடுகிறது என்று எங்களுக்குத் தெரிந்துவிடும். அதன்பிறகு ‘ஒரே ஒரு வரி மட்டும்’ என்று யாரும் கேட்க முடியாது. நடுத்தர இயந்திரம் மணிக்கு முப்பதாயிரத்துக்கு மேல் பிரதிகளை அச்சிட்டு, வெட்டி, மடித்தே வெளியே தள்ளும்.

மை ஏன் கையில் ஒட்டுகிறது?

நாளிதழ் மை சூட்டில் காய வைக்கப்படுவதில்லை. அதன் எண்ணெய் காகிதத்துக்குள் உறிஞ்சப்படுகிறது, அவ்வளவுதான். மேற்பரப்பில் நிற்கும் கரி விரலோடு வந்துவிடும். வடையும் பஜ்ஜியும் வைத்து எண்ணெய் பிழிவதற்குத் தாளைப் பயன்படுத்தினால் அந்த மை உணவில் இறங்கும் என்பதால்தான், இந்திய உணவுப் பாதுகாப்பு ஆணையம் 2016-இல் அதற்கு எதிராக அறிவுறுத்தியது. மை தயாராகும் இடத்தைப் பார்த்தவன் என்பதால், செய்தித்தாளில் வைத்துக் கொடுத்த பஜ்ஜியை நான் வாங்குவதில்லை.

காகிதம் எங்கிருந்து வருகிறது?

நாளிதழ்க் காகிதம் ஒரு சதுர மீட்டருக்கு ஏறத்தாழ 45 கிராம் எடையுள்ளது. பன்னிரண்டு பக்கத் தாள் ஒன்று ஏறக்குறைய 50 கிராம் வரும். ஒரு லட்சம் பிரதிக்கு ஓர் இரவில் ஐந்து டன் காகிதம் போய்விடும். கரும்புச் சக்கையிலிருந்து காகிதம் செய்வதற்காகத் தமிழக அரசு கரூர் அருகே புகளூரில் தொடங்கிய ஆலை 1984-இல் உற்பத்திக்கு வந்தது; நாளிதழ்க் காகிதமும் அதன் தொடக்க நோக்கங்களில் ஒன்று. ஆனால் இந்தியத் தாள்கள் இன்றும் இறக்குமதியைப் பெரிதும் சார்ந்தே இருக்கின்றன. டாலர் விலையும் கப்பல் கட்டணமும் ஏறினால் முதலில் பக்கங்கள் குறையும், பிறகு விலை கூடும்.

இதன் கொடிய வடிவத்தைக் கண்டவை யாழ்ப்பாணத் தாள்கள். 2006 ஆகஸ்டில், யாழ்ப்பாணத்துக்குச் செல்லும் ஏ-9 சாலை மூடப்பட்டபோது காகிதமும் மையும் வருவது தடைபட்டு, அங்குள்ள நாளிதழ்கள் பக்கங்களைச் சுருக்கிக்கொண்டே வெளிவந்தன. செய்திக்குப் பஞ்சமில்லாத காலத்தில் செய்தி போட இடமில்லாமல் போனது.

கடைசிப் பக்கத்தின் அடியில் பொடி எழுத்தில் இருப்பது என்ன?

அச்சிட்டவர், வெளியிட்டவர், ஆசிரியர் ஆகியோரின் பெயர்களும் அச்சான இடமும். 1867-ஆம் ஆண்டுச் சட்டம் கட்டாயமாக்கிய வரி அது. அந்தச் சட்டத்துக்குப் பதிலாக வந்த 2023-ஆம் ஆண்டுச் சட்டம் 2024 மார்ச் 1 முதல் நடைமுறையில் இருக்கிறது. அவதூறு வழக்குப் போடுபவரின் வழக்கறிஞர் முதலில் படிப்பது இந்த வரியைத்தான்.

பண்டிகைக்கு மறுநாள் தாள் வராதது ஏன்? வேறு நாளில் நின்றதுண்டா?

இரவில் வேலை நடப்பதால், பண்டிகையன்று விடுமுறை விட்டால் மறுநாள் தாள் இருக்காது. ஆயுத பூஜையன்று இயந்திரத்துக்குச் சந்தனம், குங்குமம் வைத்து, பொரியும் கடலையும் கொடுத்துவிட்டுக் கிளம்பிவிடுவார்கள். அன்றிரவு அச்சுக்கூடம் அமைதியாக இருக்கும்.

எதிர்பாராமல் நின்றதும் உண்டு. 2015 டிசம்பர் வெள்ளத்தின்போது, மறைமலைநகரிலுள்ள அச்சகத்துக்குத் தொழிலாளர்கள் போய்ச் சேர முடியாததால், தி இந்து ஆங்கில நாளிதழின் சென்னைப் பதிப்பு டிசம்பர் 2 அன்று வெளிவரவில்லை. 1878-இல் தொடங்கிய அந்த இதழின் வரலாற்றில் அப்படி நேர்ந்தது அதுவே முதல்முறை என்று அப்போது சொல்லப்பட்டது. செய்தி இருந்தது, பக்கமும் இருந்தது, சாலைதான் இல்லை.

அச்சாகும்போது நேரில் பார்க்க முடியுமா?

முன்கூட்டிக் கடிதம் கொடுத்தால் பெரும்பாலான அச்சகங்கள் அனுமதிக்கும். கல்லூரி மாணவர்களைப் பகலில் அழைத்து வருகிறார்கள். அப்போது துடைத்து வைத்த இயந்திரத்தையும் அடுக்கிய காகிதச் சுருள்களையும்தான் பார்க்க முடியும். இரவு பதினோரு மணிக்கு மேல் அனுமதி கேளுங்கள். வெள்ளைச் சட்டை வேண்டாம். முதலில் ஓடி வரும் தாளை எடுத்துக்கொள்ள ஆசைப்படாதீர்கள், அதில் அமைச்சருக்கு இரண்டு மூக்கு இருக்கும். மெஷின்மேன் தலையசைத்த பிறகு ஒன்றைக் கேட்டால், மை காயாத தாளை அவரே மடித்துத் தருவார்.